உதவி என்றொரு சொல்

'கேமராவுடன் ஒரு மனிதன்' 1929இல் வெளிவந்த சோவியத் ஆவணப்படம். அதன் தொடக்க எழுத்துகளில் மூன்று பெயர்கள் முக்கியமாக வருகின்றன. படத்தின் ஆசிரியர் ஜிகா வெர்தோவ். முதன்மை ஒளிப்பதிவாளர் அவருடைய தம்பி மிகயீல் காஃப்மன். படத்தொகுப்பு உதவியாளர் எலிசவெத்தா ஸ்வீலவா, வெர்தோவின் மனைவி. இந்த 'உதவியாளர்' என்ற சொல்லை நான் சந்தேகிக்கிறேன். சந்தேகிக்கச் சொல்வதும் அந்தப் படம்தான்.

படத்தின் ஓரிடத்தில், ஓடிக்கொண்டிருக்கும் குதிரை சட்டென உறைகிறது. வண்டியில் போகும் பெண்கள், தெருக்கூட்டம், குழந்தைகளின் முகங்கள் எல்லாமே அசைவிழந்த நிழற்படங்களாகின்றன. அடுத்துத் திரையில் ஸ்வீலவா. மேசைமுன் அமர்ந்து பிலிம் துண்டுகளைப் பார்க்கிறார், கத்தரிக்கிறார், வகைபிரித்து அடுக்குகிறார். உறைந்திருந்த முகங்கள் மறுபடி அசைகின்றன. அசைவு எங்கிருந்து பிறக்கிறது என்பதற்கு இதைவிட வெளிப்படையான சாட்சியம் வேண்டுமா?

இன்னோரிடத்தில் ஊசியும் நூலும் தையலும் அவர் பிலிம் ஒட்டும் காட்சியோடு மாறிமாறி வருகின்றன. இதை நான் இரண்டு விதமாக வாசிக்கிறேன். உழைப்பு என்ற வகையில் படத்தொகுப்புக்கு இது மரியாதை. அதே சமயம், பெண்களின் பெயரற்ற கைவேலைகளின் வரிசையில் அவரையும் கொண்டுபோய் உட்காரவைக்கிறது. முகம் காட்டப்பட்டதாலேயே ஒருத்திக்கு உரிமை கிடைத்துவிடுவதில்லை.

ஸ்வீலவா வெர்தோவைச் சந்திக்கும் முன்பே இந்தத் தொழிலைக் கற்றவர். 1920களில் வெர்தோவும் காஃப்மனும் இவரும் 'மூவர் மன்றம்' என்ற பெயரில் இயங்கினார்கள். சினிமாவின் உயிரே தொகுப்பில் இருக்கிறது என்பது வெர்தோவின் கோட்பாடு. அப்படியானால் தொகுத்தவர் எப்படி உதவியாளர் ஆனார்? கோட்பாடு கொடுத்ததைப் பெயர்ப்பட்டியல் பிடுங்கிக்கொண்டது.

ஆஷ்விட்ஸ் வதைமுகாம் மீட்கப்பட்டபோது சோவியத் ஒளிப்பதிவாளர்கள் எடுத்த காட்சிகளைக் கொண்டு, 1945இல் ஸ்வீலவா ஒரு ஆவணப்படத்தை இயக்கினார். அது அதிகம் பேசப்படுவதில்லை. 1954இல் வெர்தோவ் இறந்தபின், 1975இல் தான் இறக்கும்வரை அவருடைய குறிப்புகளையும் கட்டுரைகளையும் பாதுகாத்தார். இன்று 'வெர்தோவ்' என்று நாம் வாசிப்பதில் அந்தக் காவலும் சேர்ந்திருக்கிறது. 2014இல் 'சைட் அண்ட் சவுண்ட்' இதழின் வாக்கெடுப்பில் இந்தப் படம் உலகின் தலைசிறந்த ஆவணப்படமாகத் தேர்வானது. பட்டியலில் படத்தின் அருகே இருந்தது வெர்தோவின் பெயர்.

மறைந்துபோன ஒருத்தியைக் கண்டெடுத்துவிட்டோம் என்று திருப்திப்படுவது பெண்ணிய வாசிப்பாகாது. எந்த வெட்டு யாருடையது என்று இப்போது பிரித்துக்காட்ட முடியாது, முடியவும் வேண்டாம். பிரிக்க முடியாத ஒன்றை ஒருவர் பெயரில் பட்டா எழுதிய வழக்கத்தைத்தான் கேள்வி கேட்க வேண்டும். மாணவியரே, அடுத்த முறை எந்தப் படத்தைப் பார்த்தாலும், 'உதவி' என்ற சொல் வருமிடத்தில் கொஞ்சம் நின்று வாசியுங்கள்.