கேட்கத் தெரிந்த நடிகர்: டி. எஸ். பாலையா

தமிழ்த் திரைப்படத்தைப் பற்றிய எமது உரையாடல்கள் பெரும்பாலும் கதாநாயகர்களோடு தொடங்கி அவர்களோடேயே முடிந்துவிடுகின்றன. ஏறத்தாழ முப்பத்தாறு ஆண்டுகள் திரையில் நிலைத்து நின்று, 1972இல் மறைந்த டி. எஸ். பாலையாவின் நடிப்பை அந்த அளவுகோலால் அளக்க இயலாது.

அவரது முதற்படம் எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய 'சதிலீலாவதி' (1936). எம்.ஜி.ஆருக்கும் அதுவே முதற்படம். குடியாற் கெட்ட நாயகன், கொலைப்பழிக்கு அஞ்சி இலங்கைத் தேயிலைத் தோட்டமொன்றிற் கூலியாகின்றான். அவனைக் கெடுத்த வஞ்சகன் பாலையா. ஹாலிஎல மலைச்சரிவுகளில் வாழ்வோருக்கு இக்கதை வெறும் கதையன்று. எமது முன்னோர் தலைமுறைகளாய் உழைத்த மண், அக்கதையில் ஒருவன் ஒளிந்துகொள்ளும் இடமாக மட்டுமே வருகின்றது.

'அம்பிகாபதி' (1937) ருத்திரசேனன், 'மதுரை வீரன்' (1956) நரசப்பன் என அவரது வஞ்சகர் வரிசை நீள்கின்றது. பின்னாளில் அவர் நகைச்சுவைக்கு மாறிவிட்டார் என்பது பொதுவான கருத்து. அது முற்றிலும் பொருந்துவதாகத் தோன்றவில்லை. அவர் காட்டியது இரு நிலைகளிலும் ஒன்றே: தன்னைப் பெரிதென நம்பும் மனிதன். வஞ்சகனிடத்தில் அந்நம்பிக்கை அச்சுறுத்துகின்றது. தந்தையிடத்தில் அது உடைந்து சிரிப்பாகின்றது.

ஸ்ரீதரின் 'காதலிக்க நேரமில்லை' (1964) படத்தில் நாகேஷ் திகில் கதை சொல்ல, பாலையா கேட்டுக்கொண்டிருக்கும் காட்சி இதற்குச் சான்று. சொல்பவர் நாகேஷ், ஆயினும் அக்கதையை நாம் காண்பது பாலையாவின் முகத்திலேயே. 'திருவிளையாடல்' (1965) ஹேமநாத பாகவதருக்குப் பாடற்குரல் தந்தவர் பாலமுரளி கிருஷ்ணா. இரவல் குரலுக்குரிய செருக்கை உடலால் நிறுவிய பாலையா, விறகுவெட்டியின் பாட்டைக் கேட்டு அச்செருக்கு உதிர்வதையும் காட்டினார். இரு காட்சிகளிலும் அவர் செய்வது கேட்பதுதான்.

எனினும் ஓர் உறுத்தலையும் மறைத்தலாகாது. 'தூக்குத்தூக்கி' (1954) படத்துச் சேட்டின் கொச்சைத் தமிழ் அரங்கை நகைக்க வைத்தது. நடிப்பின் கூர்மையை மறுப்பதற்கில்லை; ஆனால் அச்சிரிப்பு பிறனொருவனின் நாவின்மேல் எழுகின்றது. தமது பேச்சுவழக்கிற்காகவே ஏளனத்துக்குள்ளான மலையகத்தார் அதனை முழுமனத்துடன் சிரித்துக் கடந்துவிட முடியுமா?

ஆகவே பாலையாவின் பெருமையை அவர் பேசிய வசனங்களில் அன்றி, கேட்ட கணங்களில் தேடுவதே தகும். எதிரே நிற்பவரின் சொல்லுக்கு இடங்கொடுக்கும் கலை அது. மேடையிலும் சரி, வாழ்விலும் சரி, அக்கலை எம்மிடையே இன்னும் அரிதாகவே உள்ளது.