சென்னையில் கட்டிய தாராவிகள்

‘நாயகன்’ (1987) படத்தில் வேலு நாயக்கர் ஆண்ட தாராவியைச் சென்னை வீனஸ் ஸ்டுடியோவில் கட்டியவர் தோட்டா தரணி. முப்பது ஆண்டு கழித்து ‘காலா’வுக்காக (2018) இன்னொரு தாராவி ஈ.வி.பி. பிலிம் சிட்டியில் எழுந்தது. இம்முறை கலை இயக்குநர் டி. ராமலிங்கம். தமிழ்த் திரைக்கலை இயக்கத்தின் கதையில் பாதியை இந்த இரண்டு குடிசைப் பகுதிகளை வைத்தே சொல்லிவிடலாம். மீதி, அரண்மனைகள்.

அரண்மனைகளைப் பற்றி எழுதியவர்கள் ஏராளம். ஜெமினியின் ‘சந்திரலேகா’வில் (1948) ஏ.கே. சேகர் அமைத்த முரசு நடன அரங்கமும், ‘மாயாபஜா’ருக்காக (1957) கோகலேயும் கலாதரும் உருவாக்கிய மாயலோகமும் இன்றும் பேசப்படுகின்றன. அன்று தச்சரும் ஓவியரும் ஸ்டுடியோவிலேயே மாதச் சம்பளக்காரர்கள். ‘16 வயதினிலே’க்குப் (1977) பிறகு கேமரா கிராமத்துக்குப் போனது, செட் என்றாலே பொய் என்ற எண்ணமும் கூடவே வளர்ந்தது.

எனக்கு அதில் உடன்பாடில்லை. நிஜச் சந்தில் கேமரா பின்வாங்க இடமிருக்காது. செட்டில் ஒரு சுவரைக் கழற்றி வைத்துவிட்டுப் படம் எடுக்கலாம், கூரையைத் திறந்து மேலிருந்து விளக்கை இறக்கலாம். ‘நாயக’னின் ஒளியைப் பற்றிப் பேசும்போது ஒளிப்பதிவாளர் பி.சி. ஸ்ரீராமைச் சொல்லாமல் இருப்பதில்லை, சொல்லத்தான் வேண்டும். ஆனால் அந்த ஒளி விழுந்த சுவரின் நிறத்தையும் சொரசொரப்பையும் தீர்மானித்தது கலைத் துறை. அந்தப் படத்துக்காக ஸ்ரீராம், தரணி இருவருக்குமே தேசிய விருது கிடைத்தது. விமர்சனம்தான் ஒருவரோடு நின்றுகொண்டது.

பிளைவுட்டும் பிளாஸ்டர் ஆஃப் பாரிஸும் சேர்ந்தால் எந்த மண்டபமும் எழும்பிவிடும். முந்தாநாள் எழுப்பிய சுவரில் நாற்பது வருடம் ஒரு குடும்பம் வாழ்ந்ததாகக் காட்டுவதுதான் கஷ்டம். அடுப்புக்கு மேலே கரி எதுவரை ஏறும்? தலை சாய்த்து உட்காருகிற இடத்தில் எண்ணெய்க் கறை எந்த உயரத்தில் இருக்கும்? மழைநீர் எந்த மூலையில் ஊறி, காரை எங்கே பெயர்ந்திருக்கும்? இதையெல்லாம் யோசிக்காமல் பழுப்புச் சாயத்தை எங்கும் ஒரே மாதிரி அடித்துவிட்டால் வீடு பழையதாகாது, அழுக்காகும். நம் ‘பீரியட்’ படங்கள் பலவற்றின் நோய் இதுதான். எழுபதுகளின் வடசென்னையைக் காட்டிய ‘சார்பட்டா பரம்பரை’யில் (2021) ராமலிங்கம் இந்தக் கணக்கைச் சரியாகப் போட்டிருக்கிறார்.

இந்தக் கணக்கை வேறொரு தளத்துக்குக் கொண்டுபோனவர் பி. கிருஷ்ணமூர்த்தி. பூம்புகார்க்காரர், சென்னை ஓவியக் கல்லூரியில் படித்தவர். கன்னட ‘ஹம்ஸகீதெ’ (1975), மலையாள ‘ஒரு வடக்கன் வீரகாதா’ (1989), தமிழில் ‘பாரதி’ (2000) என்று மொழி தாண்டி வேலை செய்தார். அரங்கோடு உடையையும் தானே வடிவமைத்ததுண்டு. சுவருக்கும் சேலைக்கும் ஒரே மனம் நிறம் தேர்ந்தெடுத்தால் காட்சி எவ்வளவு அடங்கி நிற்கும் என்பதற்கு அவர் படங்களே சான்று. அதே மனிதர் ‘இம்சை அரசன் 23-ம் புலிகேசி’க்கும் (2006) அரண்மனை கட்டினார். கேலிப்படம் என்று தூணைக் கோணலாக்கவில்லை. அரண்மனை நிஜமாக நின்றதால்தான் அரசன் சிரிப்புக்கு ஆளானான்.

கலை இயக்குநர் சாபு சிரில் பெயரைச் சொன்னால் ‘எந்திர’னும் (2010) ‘பாகுபலி’யும்தான் நினைவுக்கு வரும். ‘காஞ்சிவர’த்தின் (2008) நெசவாளர் வீட்டையும் அவர்தான் அமைத்தார். என் கணக்கில் அந்தத் தறி வீடுதான் கடினமான வேலை, ஆனால் விருது ‘எந்திர’னுக்குப் போனது. கணினி வரைகலை வந்தபின் பிரம்மாண்டத்தின் பெரும்பங்கு நடிகருக்குப் பின்னாலுள்ள பச்சைத் துணிக்குப் போய்விட்டது. நடிகர் கைபடுகிற உயரம் வரை கட்டினால் போதும், மேலே உள்ளதைக் கணினி வரைந்துகொள்ளும். ஆனால் முழு மாளிகையும் படப்பிடிப்புக்கு முன்பே தாளில் முடிந்திருக்க வேண்டும்.

அந்தத் தாள்கள் படம் முடிந்ததும் எங்கே போகின்றன? செட்டைப் பிரித்த மரம் அடுத்த செட்டுக்குப் போவது நியாயம். வரைபடத்துக்கு அந்த விதி எதற்கு? கதை வசனம் நூலாக வருகிற ஊரில், ஒரு படத்தின் அரங்க வரைபடங்களையும் அதைக் கட்டிய தச்சர், மோல்டிங்காரர், பெயின்டர் பெயர்களையும் சேர்த்து அச்சிட ஒரு பதிப்பாளர் முன்வரலாம். ‘நாயக’னிலிருந்து தொடங்கினால் நல்லது.