பார்க்கப்பட்ட முகம்

அழகாக இருக்கிறவளுக்கு நடிப்பு எதற்கு என்று கேட்கிறார்கள் படத் தயாரிப்பாளர்கள். அழகாக இருக்கிறவளுக்கு நடிப்பு எங்கே வரப்போகிறது என்று கேட்கிறார்கள் விமர்சகர்கள். இரண்டு சாராரும் முகத்தோடு நின்றுவிடுகிறவர்கள்தாம். இவர்களுக்கு நடுவில் அகப்பட்டுக்கொண்டவர் லீலா நாயுடு.

அவரைப் பற்றி எழுத பள்ளிப்பட்டுக்காரனான எனக்குக் கொஞ்சம் பாத்தியதையும் உண்டு. அவருடைய தகப்பனார் டாக்டர் ராமையா நாயுடு, சித்தூர் ஜில்லா மதனப்பள்ளிக்காரர்; பாரிஸில் மேரி க்யூரி அம்மையாரிடம் ஆராய்ச்சி செய்த விஞ்ஞானி. எங்கள் பள்ளிப்பட்டும் 1960 ஏப்ரல் 1-ஆம் தேதி வரையில் அதே சித்தூர் ஜில்லாவைச் சேர்ந்ததுதான். திருத்தணியோடு சேர்ந்து நாங்கள் சென்னை ராஜ்யத்துக்கு வந்த அந்த வருஷத்திலேதான் லீலாவின் முதல் படமான ‘அனுராதா’ வெளிவந்தது. எங்கள் கடைத்தெருவில் இன்றும் தமிழில் விலை கேட்டால் தெலுங்கில் பதில் வரும். ஆகவே, பம்பாயில் 1940-இல் மதனப்பள்ளித் தகப்பனாருக்கும் பிரெஞ்சு பேசும் தாயாருக்கும் பிறந்த பெண் இந்திப் படத்தில் நடித்தார் என்பது எங்களுக்கு ஆச்சரியமான விஷயமல்ல.

1954-இல் அவர் ‘மிஸ் இந்தியா’வாகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். உலகத்துப் பேரழகிகள் பத்துப் பேரில் ஒருவர் என்று ‘வோக்’ பத்திரிகை அவரைச் சேர்த்துக்கொண்டது. அவருடைய கஷ்டம் அங்கேயே ஆரம்பமாகிவிட்டது என்பது என் அபிப்பிராயம். புடவை விளம்பரத்துக்கு நிற்கிற பெண்ணிடமும், அழகிப் போட்டி மேடையில் நிற்கிற பெண்ணிடமும் உலகம் கேட்பது ஒன்றுதான்: “நில், நாங்கள் பார்க்கிறோம்.” நடிகையிடம் கேட்கவேண்டியது இதற்கு நேர் விரோதமானது: “நீ பார், நீ பார்ப்பது எங்களுக்கும் தெரியட்டும்.” முதலாவதில் பழகிய முகம் இரண்டாவதற்கு வருவது லேசல்ல. வர முயன்றாலும் ஜனங்கள் விடுவதில்லை.

‘அனுராதா’வில் அவருக்கு ஹிருஷிகேஷ் முகர்ஜி டைரக்டராக வாய்த்தது பாக்கியம். ரேடியோவில் பாடிப் புகழ்பெற்ற ஒரு பெண், கிராமத்து ஏழைகளுக்கு வைத்தியம் செய்யும் லட்சியவாதி டாக்டரை மணந்துகொண்டு, பாட்டை விட்டுவிட்டுக் குடித்தனம் நடத்துகிறாள். டாக்டராக வந்தவர் பல்ராஜ் சாஹ்னி. சங்கீதம் ரவிசங்கருடையது, குரலோ லதா மங்கேஷ்கருடையது. அப்படியானால் லீலாவுக்கு என்ன மிச்சம்? காத்திருப்பதும் கேட்டுக்கொண்டிருப்பதும்தான். நோயாளிகளுக்கும் புஸ்தகங்களுக்கும் நடுவில் மனைவியை மறந்துபோன புருஷனைப் பார்க்கிற பார்வையில் கோபம் இல்லை, கெஞ்சலும் இல்லை. தன் வாழ்க்கையைத் தானே எடை போட்டுப் பார்க்கிற ஒருத்தியின் பார்வை அது.

கதையின் முடிவைப் பற்றி எனக்குச் சண்டை உண்டு. மூத்த டாக்டர் ஒருவர் விருந்தாளியாக வருகிறார். அந்த வீட்டில் நிஜமாகத் தியாகம் செய்தவர் யார் என்பதைப் புருஷனுக்கு எடுத்துச் சொல்கிறார். புருஷன் உணர்கிறான். அவள் தங்கிவிடுகிறாள். தியாகத்துக்குப் பாராட்டுக் கிடைத்துவிட்டால் தியாகம் நியாயமாகிவிடுமா? படம் இதைக் கேட்கவில்லை. ஆனால் லீலாவின் முகம் கேட்கிறது. கதை சமாதானமான பிறகும் அந்த முகம் முழுவதும் சமாதானமாகவில்லை. இந்தப் படத்துக்கு ஜனாதிபதி தங்கப் பதக்கம் கிடைத்தது. 1961-இல் பெர்லின் விழாவுக்கும் போயிற்று. அந்தக் கௌரவத்தில் அவர் முகத்துக்குச் சேரவேண்டிய பங்கு பெரியது.

1963-இல் வந்த ‘யே ராஸ்தே ஹைன் ப்யார் கே’ வேறு ரகம். பம்பாயையே கிடுகிடுக்க வைத்த நானாவதி கொலை வழக்கைத் தழுவிய கதை. கணவனுக்கும் காதலனுக்கும் நடுவில் தவிக்கிற பெண்ணின் மனசுக்குள் நுழைய எவ்வளவு இடம் இருந்தது! படமோ அவருடைய உடையையும் கொண்டையையுமே சுற்றிச் சுற்றி வருகிறது. லீலா அழுகிறார், அழகாகவே அழுகிறார். அதுதான் குறை.

அதே வருஷம் ஜேம்ஸ் ஐவரியின் முதல் கதைப் படமான ‘தி ஹவுஸ்ஹோல்டர்’ வந்தது. இதில் அவர் டில்லியில் சொற்பச் சம்பள வாத்தியாரின் இளம் மனைவி, இந்து. வாத்தியாராக சசி கபூர். மாமியார் வந்ததும் பிறந்தகத்துக்குக் கிளம்பிவிடுகிற சாமானியப் பெண். நம் வீடுகளில் காணாத பெண்ணா? பேரழகியை அடுப்பங்கரைக்கு அனுப்பிய பிறகுதான் உள்ளே ஒரு ஹாஸ்ய நடிகையும் இருந்தது தெரியவருகிறது.

பிறகு அநேகமாக மௌனம். கவிஞர் டாம் மொரேஸை மணந்து பல தேசங்களில் வாழ்ந்தார். 1985-இல் ஷியாம் பெனகலின் ‘த்ரிகால்’ படத்தில் திரும்பி வந்தார். 1961-இன் கோவா, போர்ச்சுகீசிய ஆட்சி முடியப்போகும் சமயம். கணவன் இறந்ததை ஒப்புக்கொள்ள மறுத்து, ஆவியை அழைத்துப் பேச முயலும் வீட்டு எஜமானி அவர். கணவன் வருவதில்லை; குடும்பம் இழைத்த பழைய அநியாயங்கள்தாம் வந்து நிற்கின்றன. வயசு ஏறிய அந்த முகத்தை யாரும் வெறுமனே வேடிக்கை பார்க்க முடியாது. அதுதான் நம்மைப் பார்க்கிறது. அவர் நடித்ததில் தலைசிறந்தது இதுவே என்பேன்.

‘அனுராதா’வுக்கும் ‘த்ரிகால்’ படத்துக்கும் நடுவே 25 வருஷங்கள். அவர் நடித்த படங்களை இரண்டு கை விரல்களில் எண்ணிவிடலாம். சினிமா உலகத்தின் அலட்சியம், அவருடைய சுபாவம் என்று காரணம் சொல்லலாம். ஆனால் கொட்டகையில் உட்கார்ந்து “என்ன அழகு!” என்று சொல்லிவிட்டு எழுந்துபோன ரசிகர்களுக்கும் அதில் பங்குண்டு. 2009 ஜூலையில் அவர் பம்பாயில் காலமானார். அப்போதும் பலர் நினைவுகூர்ந்தது அந்த அழகியைத்தான். ‘த்ரிகால்’ படத்தின் கிழவியைப் பார்த்தவர்கள் வேறு ஒருவருக்காகவும் துக்கப்படுவார்கள்: நமக்குக் கிடைத்தும் முழுவதும் கிடைக்காமல் போன ஒரு நடிகைக்காக.