கண்ணும் காயமும்

நம் துப்பறியும் நாவல்களில் ஒரு காட்சி தவறாமல் வரும். கூண்டில் ஏறிய சாட்சி, "இரண்டு வெட்டு விழுந்ததைக் கண்ணால் கண்டேன்" என்பான். பிரேத பரிசோதனை செய்த டாக்டர், "காயங்கள் மூன்று" என்பார். உடனே வக்கீல், "சாட்சி சொல்வது பச்சைப் பொய்!" என்று முழங்குவார். எதிரி விடுதலை, வாசகருக்கும் பரம திருப்தி. எனக்கோ அந்த இடத்தில் புத்தகத்தை மூடிவிடத் தோன்றும்.

எங்கள் ஆரணியை எடுத்துக்கொள்ளுங்கள். பட்டுக்குப் பேர்போன ஆரணியல்ல. பெரியபாளையத்துக்குப் பக்கத்தில் ஆற்றங்கரையில் இருக்கும் ஆரணி. கும்மிடிப்பூண்டித் தொழிற்சாலையில் இரவு ஷிப்டு முடித்து வரும் ஒருவர், வழியில் ஒரு கொலையைப் பார்த்துவிட்டார் என்று வைத்துக்கொள்வோம். வெட்டியவன் யார் என்பது அவர் நெஞ்சில் பதியும். வெட்டு எத்தனை, எந்த விலாவில் என்று அவர் எண்ணிக்கொண்டா நிற்பார்? ஓர் அங்குலம் பிசகாமல் அவர் ஒப்பித்தால்தான் எனக்குச் சந்தேகம் வரும்.

உண்மையான நீதிமன்றங்கள் நம் நாவலாசிரியர்களைவிட நிதானமானவை. வடிவேலு தேவர் வழக்கில் நம்புவதற்கு இருந்த சாட்சி, கொலையுண்டவரின் மனைவி ஒருவரே. ஒரே சாட்சியை வைத்து மரண தண்டனை விதிக்கலாமா என்பது கேள்வி. 1957-ல் சுப்ரீம் கோர்ட் விதிக்கலாம் என்றது. சாட்சிகளின் தலையை எண்ணவேண்டாம், சாட்சியத்தை நிறுத்துப் பாருங்கள் என்பது அதன் சாரம். முழுக்க நம்பத் தக்கவர், அறவே நம்பத் தகாதவர், இரண்டுக்கும் நடுவில் நிற்பவர் என்று சாட்சிகளை மூன்று வகையாகவும் பிரித்தது. மூன்றாம் வகையினருக்குத்தான் வேறு ஆதாரத்தின் துணை வேண்டும்.

டாக்டரின் சாட்சியம் அப்படித் துணைக்கு வருவது. காயத்தின் நீளம், ஆழம், விளிம்பு இவற்றை அவர் அளந்து சொல்வார். அதற்கு மேல் அவர் வாயில் அடிக்கடி வரும் சொல், 'இருக்கலாம்' என்பது. இந்த அரிவாளால் ஏற்பட்டிருக்கலாம். இன்ன நேரத்துக்குள் உயிர் போயிருக்கலாம். உடல் விறைப்பதும் இரைப்பையில் கிடக்கும் சோறும் கடிகாரம் அல்ல. ஆகவே, கண்ணால் கண்டவர் சொன்னபடி நடந்திருக்கவே முடியாது என்று மருத்துவம் அடியோடு மறுத்தாலொழிய, அதை வைத்துக்கொண்டு சாட்சியைத் தள்ளக்கூடாது என்று 1983-ல் குஜராத்திலிருந்து வந்த ஓர் அப்பீலில் சுப்ரீம் கோர்ட் விளக்கியது.

அதற்காகக் கண்ணைக் கும்பிடவும் வேண்டாம். லண்டனில் அடால்ஃப் பெக் என்பவரை, தங்களை ஏமாற்றியவர் இவரே என்று பல பெண்கள் அடையாளம் காட்டினார்கள். 1896-ல் அவர் சிறைக்குப் போனார். உண்மைக் குற்றவாளியின் பழைய சிறைக்குறிப்பில் கண்ட ஓர் உடல் அடையாளம் பெக்கிடம் இல்லை என்பது 1898-லேயே அதிகாரிகளுக்குத் தெரிந்தது. தெரிந்தும் விடுவிக்கவில்லை! சிறையிலிருந்து வெளியே வந்தவர் 1904-ல் மறுபடியும் அதே வலையில் சிக்கினார். அந்த ஆண்டே உண்மையான ஆள் பிடிபட்டான். இங்கிலாந்தில் கிரிமினல் அப்பீல் கோர்ட் ஒன்று 1907-ல் சட்டமாவதற்கு இந்த அநியாயம் ஒரு முக்கிய காரணம். அத்தனை கண்களையும் ஓர் உடல் பொய்யாக்கிய வழக்கு இது. மருத்துவம் 'இருக்கலாம்' என்பதை விட்டு 'முடியவே முடியாது' என்று சொல்லும் இடம் இதுதான்.

1954-ல் எஸ். பாலசந்தர் எடுத்த 'அந்த நாள்', ஒரே கொலையைப் பல வாய்களில் சொல்லவைத்து, சாட்சியைச் சந்தேகிக்க நமக்குக் கற்றுக்கொடுத்தது. நல்ல பாடம். ஆனால் அது பாதிப் பாடம். தடுமாறிச் சொன்னவரையும் நம்பலாமா என்று நிறுத்துப் பார்ப்பது மீதிப் பாதி. அதை நம் கதைகள் இன்னும் எழுதவில்லை என்பதே என் குறை.

அப்பீல் ஜட்ஜ் சாட்சியின் முகத்தைப் பார்ப்பதில்லை. அவர் முன் இருப்பது காகிதம். வாசகர் முன் இருப்பதும் காகிதமே. கீழ்க்கோர்ட்டில் நடுங்கிக்கொண்டு உண்மை சொன்ன ஒரு கூலிக்காரியை, மூன்றை இரண்டு என்றாள் என்பதற்காகப் பொய்காரியாக்கி, நாம் கைதட்டல் வாங்குகிறோம். அந்தக் கைதட்டலைக் கேட்டுப் பழகிய ஊரில், நாளைக்குக் கொலையைப் பார்த்தவர் எவர் துணிந்து கூண்டில் ஏறுவார்?