ஜுமானா: அரபுப் பெயர் மரபின் உரைகற்கள்

பெயர்ப் புத்தகங்களில் ‘ஜுமானா’ என்ற பெயருக்கு எதிரே ‘முத்து’ என்று போட்டு முடித்துவிடுகிறார்கள். பொய்யில்லை, ஆனால் பாதிதான். பழைய அரபு அகராதிகளைப் பிரித்தால் முதலில் வருவது கடல் முத்து அல்ல, தட்டான் செய்த முத்து. வெள்ளியை முத்துப்போல் உருட்டித் துளையிட்டு மாலையில் கோக்கும் மணிக்கு ஜுமான் என்று பெயர். அதில் ஒற்றை மணி ஜுமானா. பாரசீகத்திலிருந்து வந்து அரபில் கலந்த சொல் என்று சொல்லும் அகராதிக்காரர்களும் உண்டு. உண்மையான முத்துக்கும் இதே பெயர் வழங்கியது. ‘முஅல்லகா’ எனப்படும் பழைய அரபு நெடுங்கவிதைகளைப் பாடிய எழுவரில் ஒருவராகிய லபீத், இருட்டில் வெளிறித் தெரியும் காட்டுப்பசுவுக்கு உவமை தேடி, நூலிலிருந்து நழுவிய கடலோடியின் ஜுமானாவிடம் போய் நிற்கிறார்.

ஹதீஸ்களிலும் இந்தச் சொல் வருகிறது. குளிர்நாளிலும் வஹீ (இறைச்செய்தி) இறங்கும் பாரத்தால் நபிகள் நாயகம் (ஸல்) அவர்களின் மேனியிலிருந்து வியர்வை ஜுமானைப்போல் உருண்டு விழும் என்பது அன்னை ஆயிஷா (ரலி) சொன்ன செய்தி. இறுதிக் காலத்தில் ஈஸா (அலை) இறங்கி வருவதைச் சொல்லும் ஸஹீஹ் முஸ்லிம் அறிவிப்பில், அவர் தலையை உயர்த்தும்போது முத்துப்போன்ற ஜுமான் உதிர்வதாக ஒரு வர்ணனை இருக்கிறது. ஜுமானே முத்தாக இருந்தால் ‘முத்துப்போன்ற’ என்று சேர்க்க வேண்டியதில்லை. அந்த இடத்தில் இமாம் நவவி வெள்ளி மணி என்றே உரை சொல்கிறார்.

அபூதாலிபின் மகள், அலீ (ரலி) அவர்களின் சகோதரி என்றதும் நம்மவர்களுக்கு உம்மு ஹானிதான் நினைவுக்கு வருவார்கள். இன்னொரு சகோதரியின் பெயர் ஜுமானா. கைபர் விளைச்சலில் பங்கு பெற்றவர்களின் பட்டியலில் அவர் பெயர் இருக்கிறது. அதற்குமேல் அவரைப் பற்றி அதிகம் எழுதிவைக்கவில்லை. தமிழ் முஸ்லிம் வீடுகளில் ஃபாத்திமாவும் ஆயிஷாவும் நிறைந்து கிடக்க, ஜுமானா அபூர்வமாகவே கேட்பதற்கு அதுவும் ஒரு காரணமாக இருக்கலாம்.

இப்படி ஒரு பெயரை அரபு மரபு எதில் உரைத்துப் பார்க்கும்? ஒரே உரைகல் என்று எண்ணிவிடக் கூடாது. காலத்துக்கொன்று இருந்தது.

மிகப் பழையது பாலைவனத்து உரைகல். அங்கே மகனுக்குப் பெயர் வைத்தால் கேட்பவனுக்கு நெஞ்சு நடுங்க வேண்டும். ஹர்ப் என்றால் போர், ஸக்ர் என்றால் பாறை, அஸத் என்றால் சிங்கம், ஹன்ழலா என்றால் நாக்கில் வைக்க முடியாத பேய்க்குமட்டிக் காய். இவையெல்லாம் நல்ல குடும்பத்துப் பிள்ளைகளின் பெயர்கள். நபிகளாரின் மூதாதையர் வரிசையிலேயே கிலாப் (நாய்கள்) உண்டு, முர்ரா (கசப்பு) உண்டு. பாரசீகப் பெருமை பேசியவர்கள் இதை வைத்து அரபிகளைக் கேலி செய்தபோது பதில் சொல்லப் புறப்பட்டவர் பஸ்ராவில் பிறந்த இப்னு துரைத் (837–933). அவருடைய ‘கிதாபுல் இஷ்திகாக்’ முழுக்க அரபுப் பெயர்களின் வேர் தேடும் நூல். அதன் தொடக்கத்தில் அவர் எடுத்துச் சொல்லும் விளக்கம் பிரசித்தமானது. பிள்ளைகளுக்கு முரட்டுப் பெயரும் அடிமைகளுக்கு இனிய பெயரும் ஏன் என்று ஒருவரைக் கேட்டார்களாம். பிள்ளைகளின் பெயர் எதிரிகளுக்காக, அடிமைகளின் பெயர் எங்களுக்காக என்றாராம். வீட்டுக்குள் நாள் முழுக்கக் கூப்பிடப்போவது அடிமையை அல்லவா!

நபிகளாரின் காலத்தில் உரைகல் மாறியது. அப்துல்லாஹ், அப்துர் ரஹ்மான் இரண்டும் அல்லாஹ்வுக்கு மிகப் பிரியமான பெயர்கள் என்பது எல்லோரும் அறிந்தது. ஆனால் மாற்றிய பெயர்களைப் பார்த்தால்தான் அவர்களின் அளவுகோல் பிடிபடும். உமர் (ரலி) அவர்களின் மகள் ஒருவருக்கு ஆஸியா என்று பெயர். மாறு செய்பவள் என்று பொருள். அதை ஜமீலா ஆக்கினார்கள். (ஃபிர்அவ்னின் மனைவி ஆஸியா வேறு எழுத்து, வேறு பொருள். தமிழில் எழுதினால் இரண்டும் ஒன்றாகிவிடும் என்பதால் சொல்கிறேன்.) ஹஸ்ன், அதாவது கரடுமுரடு, என்ற பெயர்க்காரரிடம் ‘ஸஹ்ல்’, எளியது, என்று வைத்துக்கொள்ளச் சொன்னார்கள். தந்தை வைத்த பெயரை மாற்ற மாட்டேன் என்று அவர் மறுத்துவிட்டார். அவருடைய பேரர்தான் மதீனாவின் பெரும் சட்ட அறிஞர் ஸயீத் இப்னுல் முஸய்யப். அந்தக் கரடுமுரடு எங்கள் குடும்பத்தை விட்டுப் போகவே இல்லை என்று பேரரே சொன்னதை புகாரி பதிவுசெய்திருக்கிறார். பிடிக்காத பெயர் என்றாலும் நபிகளார் வற்புறுத்தவில்லை. இன்றைக்குப் பெயருக்காகக் குடும்பத்தில் சண்டை மூட்டுகிறவர்கள் கவனிக்க வேண்டிய இடம் இது.

இன்னொன்றும் உண்டு. நபிகளாரின் துணைவி அன்னை உம்மு ஸலமாவின் முந்தைய கணவர் வழி மகள்களில் ஒருவருக்குப் பர்ரா என்று பெயர். புண்ணியவதி என்று பொருள். தன்னைத் தானே புகழ்வதாகிறது என்று அதை ஸைனப் என்று மாற்றினார்கள். அதே வீட்டில், அதே தாய்க்கு, துர்ரா என்று இன்னொரு மகள். துர்ரா என்றால் முத்து. அந்தப் பெயர் அப்படியே நின்றது. அபூலஹபின் மகளாகப் பிறந்து இஸ்லாத்துக்கு வந்தவர் பெயரும் துர்ராதான். தந்தையின் பெயர் குர்ஆனில் சாபத்தோடு நிற்க, மகள் முத்தாகவே மதீனாவுக்கு வந்தார். பக்தியைப் பறைசாற்றும் பெயருக்குத் தடை விழுந்தது, கழுத்தில் கிடக்கும் நகையின் பெயருக்கு விழவில்லை என்பதை நம் ஊரில் பெயர் தேடுகிறவர்கள் யாரும் எண்ணிப் பார்ப்பதாகத் தெரியவில்லை.

பொருள் நல்லதாக இருந்தும் வேண்டாம் என்றவை சில: ரபாஹ் (இலாபம்), யஸார் (வளம்), அஃப்லஹ் (வெற்றியாளன்), நாஃபிஉ (பயன் தருபவன்). காரணம் வீட்டு வாசலில் இருக்கிறது. ‘இலாபம் இருக்கிறதா?’ என்று ஒருவர் கேட்க, உள்ளிருந்து ‘இல்லை’ என்று பதில் வரும். கேட்கவே நன்றாக இல்லையே! ஆனாலும் இதை ஹராம் ஆக்காமல் மக்ரூஹ் (விரும்பத்தகாதது) அளவிலேயே அறிஞர்கள் நிறுத்தினார்கள். இமாம் மாலிக் தம் ஹதீஸ் தொடரில் பெருமையோடு சொல்லும் ஆசிரியர் பெயரே நாஃபிஉ.

பெயரிடுவதில் மத்ஹபுகள் (சட்டப் பிரிவுகள்) பிரியும் இடங்கள் பெரியவை அல்ல. ஏழாம் நாள் ஆடு அறுக்கும் அகீகாவோடு பெயரிடுவது பரவலான வழக்கம். பிறந்த அன்றே வைக்கவும் ஆதாரம் உண்டு. ஆண் குழந்தைக்கு இரண்டு ஆடு, பெண்ணுக்கு ஒன்று என்பது ஷாஃபிஈ வழி. மாலிக்கீ வழியில் இருவருக்கும் ஒன்றே. ஹனஃபீ அறிஞர்கள் அகீகாவுக்கு அவ்வளவு அழுத்தம் கொடுக்கவில்லை. காயல்பட்டினம், கீழக்கரைக் கரையோர ஷாஃபிஈகளும் உள்நாட்டு ஹனஃபீ ராவுத்தர்களும் சம்பந்தம் செய்தால் ஆட்டுக் கணக்கில் ஒரு பேச்சு எழும், அவ்வளவுதான். பட்டப்பெயர் விஷயத்தில்தான் அனல் பறந்தது. ‘அரசர்க்கரசன்’ என்ற பெயரை நபிகளார் வெறுத்திருக்க, பக்தாதின் புவைஹித் தலைவர் ஜலாலுத் தவ்லா 11ஆம் நூற்றாண்டில் அதே பட்டத்தைக் கேட்டார். சரி என்று தீர்ப்பு எழுதித் தந்தவர்கள் இருந்தார்கள். அவருக்கு மிக நெருக்கமாயிருந்த ஷாஃபிஈ நீதிபதி மாவர்தீ மட்டும் கூடாது என்றார்.

இனி முத்துக்கு வருவோம். அடிமைகளுக்கு இனிய பெயர் என்ற பழக்கம் இஸ்லாமிய அரசுகள் பெருத்தபோது ஒரு தனி வழக்காகவே வளர்ந்தது. நறுமணங்களும் இரத்தினங்களும் அடிமைச் சந்தையின் பெயர்களாயின. காஃபூர் என்றால் கற்பூரம். எகிப்தை ஆண்ட கறுப்பின அடிமை காஃபூர் 968இல் இறந்தார். மதுரை வரை வந்த மாலிக் காபூரும் அதே கற்பூரம்தான். நம் தெருவில் உள்ள அப்துல் கஃபூர் வேறு, அது ‘மன்னிப்பவனின் அடியார்’. ஜவ்ஹர் என்றால் மாணிக்கக் கல் முதலான இரத்தினம். 969இல் கெய்ரோவுக்குக் கால்கோள் இட்ட தளபதி ஜவ்ஹர் அடிமையாக வாழ்வைத் தொடங்கியவர். தக்காணத்தின் மாலிக் அம்பருக்கு மீனம்பர். மோசூலை ஆண்ட பத்ருத்தீன் லுஃலுஃ பெயரில் நேராகவே முத்து.

இந்தப் பெயர்கள் காதுக்கு எப்படி ஒலித்தன என்று அறிய யாகூத் அல்ஹமவீயைப் பார்க்க வேண்டும். பைசாந்தியப் பெற்றோருக்குப் பிறந்து, சிறு வயதில் பிடிபட்டு, பக்தாதில் ஒரு வணிகருக்கு விற்கப்பட்டவர். ‘முஃஜமுல் புல்தான்’ என்ற பெரிய ஊர்ப்பெயர் அகராதியை எழுதியவர் இவரே. யாகூத் என்றால் மாணிக்கம். பேரும் புகழும் வந்தபின் தம்மை யஃகூப் என்று அழைத்துக்கொண்டார் என்று இப்னு கல்லிகான் எழுதுகிறார். மாணிக்கத்தைவிட ஒரு நபியின் பெயர் அவருக்கு உயர்வாகப் பட்டிருக்கிறது. மாணிக்கத்தில் சந்தை வாடை இருந்தது. ஆனால் 1229இல் அவர் இறந்த பிறகும் உலகம் அவரை யாகூத் என்றே சொல்கிறது. 1250இல் எகிப்தின் அரியணை ஏறிய ஷஜருத் துர், ‘முத்து மரம்’, அடிமைப் பெண்ணாக அரண்மனைக்கு வந்தவர். நாணயத்தில் அந்த முத்து மரத்தைப் பொறிக்கவில்லை. ‘கலீலின் தாய்’ என்றே பொறித்தார்.

ஆக, முத்து என்ற பெயர் துர்ராவுக்கும் ஜுமானாவுக்கும் குறைஷிக் குடும்பத்துச் செல்லப் பெயராகவும், லுஃலுஃவுக்கு விலைச்சீட்டாகவும் இருந்திருக்கிறது. பொருள் ஒன்றுதான். யார் வீட்டில், யார் வைத்தார் என்பதில்தான் அதன் மதிப்பு கூடிக் குறைந்தது. பெயர்ப் புத்தகங்கள் பொருளை மட்டும் அச்சடிப்பதால் இந்தக் கதை முழுக்கவும் விடுபட்டுப் போகிறது.

அந்த அடிமைச் சந்தை வாடையை முற்றிலும் கழுவியது பாரசீக வளைகுடாக் கரை. பஹ்ரைன், குவைத், துபாய் போன்ற ஊர்கள் முத்தை நம்பியே பிழைத்த காலத்தில் முத்து என்பது குடும்பத்தின் கடன், சோறு, சீதனம் எல்லாம். ‘தவ்வாஷ்’ எனப்படும் முத்து வணிகர் சிவப்புத் துணியை விரித்து, ஒன்றினுள் ஒன்று அடங்கும் பித்தளைச் சல்லடைக் கிண்ணங்களில் முத்துகளைக் கொட்டிச் சலிப்பார். மேலே தங்கும் பருமுத்துக்குத் ‘தலை’, அடுத்ததற்கு ‘வயிறு’, கடைசியில் நிற்பதற்கு ‘வால்’ என்று பெயர். சல்லடைக்கெல்லாம் அடங்காத அபூர்வப் பெருமுத்து ‘தானா’. இந்தத் தொழில் பேச்சே பெண்களின் பெயராயிற்று: தானா, லூலுவா, குமாஷா, ஹிஸ்ஸா. சவூதி மன்னர்கள் ஃபஹத், ஸல்மான் இருவரையும் பெற்ற தாயின் பெயர் ஹிஸ்ஸா. அதற்குப் ‘பங்கு’ என்றும் பொருள் சொல்வார்கள். 1930களில் உலகப் பொருளாதார மந்தமும் ஜப்பானின் வளர்ப்பு முத்தும் சேர்ந்து அந்தத் தொழிலை முடித்துவிட்டன. பெயர்கள் மட்டும் இன்றுவரை வழங்குகின்றன.

நம் பக்கத்திலும் இதற்கு ஈடு உண்டு. மன்னார் வளைகுடாவில் முத்தைத் தரம் பிரித்ததும் பித்தளைச் சல்லடைத் தட்டுகளில்தான். முதல் தரம் ஆணிமுத்து. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இலங்கை மரிச்சுக்கட்டியில் நடந்த முத்துக்குளிப்பில் வளைகுடாவிலிருந்து வந்த அரபிகளும் நம் கரையோரத்தாரும் ஒரே பாரில் (முத்துப்படுகையில்) மூழ்கினார்கள். முத்து மீரான், முத்து நாச்சியார் என்று தமிழ் முத்தையும் முஸ்லிம் பெயரையும் சேர்த்துக் கட்டிய பெயர்கள் இந்தக் கரைகளில் பழக்கமானவை. அந்த வரிசையில் ஜுமானா வந்து சேர்வதில் அந்நியம் எதுவும் இல்லை.

இன்று நடப்பது வேறு உரைகல். ‘குர்ஆனில் இருக்கிறதா?’ என்பதே பலருக்கு முதல் கேள்வி. லுஃலுஃவும் மர்ஜானும் (பவளம்) அர்ரஹ்மான் அத்தியாயத்தில் இருக்கின்றன. ஜுமான் குர்ஆனில் இல்லை. அதனால் தயங்குகிறவர்கள் உண்டு. இருக்கிறது என்பதற்காகவே ஃபாத்திஹாவிலிருந்து ‘அன்அம்த’ என்ற வினைச்சொல்லை எடுத்து ‘அனம்தா’ என்று பெண்ணுக்கு வைக்கிறவர்களும் உண்டு. ‘நீ அருள் புரிந்தாய்’ என்பது ஒரு பெண்ணின் பெயராகுமா? குர்ஆனில் இருப்பதே தகுதி என்றால் கொடியவர்களான காரூனும் ஹாமானும்கூட அங்கேதான் இருக்கிறார்கள். மறுபக்கம், அரபுப் பெயர் எல்லாம் இஸ்லாமியப் பெயரும் அல்ல. லெபனான் கவிஞர் ஜுமானா ஹத்தாத் கிறிஸ்தவக் குடும்பத்தில் பிறந்தவர். அதனால் பெயருக்குக் குறையும் இல்லை. நபிகளாரின் உரைகல்லில் உரைத்தால் இதில் இணைவைப்பு இல்லை, தற்புகழ்ச்சி இல்லை, கேட்கக் கூசும் பொருள் இல்லை. போதும்.

எழுதும்போது மட்டும் கொஞ்சம் எச்சரிக்கை வேண்டும். ஜு குறில், மா நெடில். பிறப்புச் சான்றிதழில் ‘ஜும்மானா’ என்று விழுந்துவிட்டால் பிறகு பள்ளிச் சான்றிதழ், கடவுச்சீட்டு எல்லாவற்றிலும் அதுவே தொடரும். வீட்டில் செல்லமாகச் சுருக்கி ‘ஜும்மா’ என்று கூப்பிடத் தொடங்கினால் ஊரில் பாதிப் பேர் அவள் வெள்ளிக்கிழமை பிறந்தவள் என்றே முடிவு செய்துவிடுவார்கள். அரபு நாடுகளில் வெள்ளிக்கிழமைப் பிள்ளைகளுக்கு வைக்கும் ஜும்ஆ என்ற பெயர் தனியாகவே இருக்கிறது, அதுவும் ஆண்பிள்ளைக்கு.