ஓடியவரும் ஓடாத அதிகாரமும்

2022ஆம் ஆண்டு ஜூலை 14ஆம் தேதி இலங்கை ஜனாதிபதி கோத்தபாய ராஜபக்ஷ நமது சிங்கப்பூருக்கு ஓடிவந்து, இங்கிருந்தே மின்னஞ்சலில் ராஜினாமா அனுப்பினார். ஈசூன் காப்பிக்கடையில் நம்மவர் “ஜனநாயகம் வென்றது” என்று ஆரவாரித்தனர். தோட்டத்துக் கணக்கெழுதிப் பழகிய நாம் அவ்வளவு விரைவில் கணக்கை முடிக்க ஒருப்படவில்லை.

எகிப்தில் 2011இல் முபாரக் வீழ்ந்தார். தேர்தலில் வென்று வந்த முர்ஸியை 2013இல் பட்டாளம் இறக்கியது. தூனிசியா 2014இல் நல்லதோர் அரசியல் சட்டம் வகுத்தும், 2021இல் ஜனாதிபதி சயீத் பாராளுமன்றத்தை முடக்கினார்.

இலங்கையில் நடந்ததென்ன? ஜூலை 20இல் பாராளுமன்றம் ரணில் விக்கிரமசிங்கவை ஜனாதிபதியாகத் தேர்ந்தது. இரண்டு நாளில், விடியுமுன்பே, காலிமுகத்திடல் கூடாரங்களைப் பட்டாளம் பிய்த்தெறிந்தது. 2023இல் நடக்கவேண்டிய உள்ளூராட்சித் தேர்தல், பணமில்லையென்று நின்றது. (பட்டாளத்துக்குப் பணமிருந்தது போலும்!) 2024 செப்டம்பரில்தான் ஜனங்கள் வாக்களித்து அநுர குமார திசாநாயக்கவை அமர்த்தினர். 1978இல் நாட்டிய ஜனாதிபதி அதிகாரமோ, கிளை சற்றுக் கத்தரிக்கப்பட்டதன்றி, அப்போதும் வேரோடு நின்றது.

ஆளைத் துரத்தினால் போதுமென்போரை நாம் கேட்கிறோம்: தேயிலைத் தோட்டத் தமிழரின் பிரஜாவுரிமையை 1948இல் பறித்தது எந்தச் சர்வாதிகாரி? வாக்குப் பெற்று அமர்ந்த பாராளுமன்றமன்றோ! எஞ்சியோருக்கும் பிரஜாவுரிமை வழங்கும் சட்டம் 2003இல் வந்தது. அதற்குள் லட்சக்கணக்கானோர் 1964 ஒப்பந்தப்படி கப்பலேறிவிட்டனர்.