பட்டாணிச் செடியும் வண்டுகளும்

அன்றாடத்தின் அழகு என்று நம் கவிதைகளில் நிறையப் பேச்சு அடிபடுகிறது. டம்ளர், குடை, ஜன்னல் கம்பி என்று ஏதாவதொன்றின் பெயரைச் சொல்லிவிட்டால் அழகு தானே வந்து உட்கார்ந்துகொள்ளும் என்ற நம்பிக்கை இவற்றின் பின்னால் இருக்கிறது. இந்த நம்பிக்கையை உரசிப் பார்க்க ஸ்டாப் மோஷன் படங்கள் உதவும். அசையாத பொருளைச் சற்று நகர்த்தி ஒரு பிரேம், மறுபடி நகர்த்தி இன்னொரு பிரேம் என்று எடுத்து, ஓட்டும்போது சலனத்தைத் தோற்றுவிக்கும் முறை அது.

1912இல் தாதா சாகேப் பால்கே பம்பாயில் ஒரு தொட்டியில் பட்டாணி ஊன்றி, காமிராவை அதன் முன் நிறுத்தி, ஒரு மாதத்துக்கு மேல் படமெடுத்தார். முளை விட்டுக் கொடியானது ஒரு நிமிஷத்துக்குச் சற்று அதிகமான படமாயிற்று. 'ராஜா ஹரிச்சந்திரா' (1913) எடுக்கக் கடன் கிடைத்ததும் இதைக் காட்டித்தான். தினம் ஒரு பிரேம் எடுத்தார் என்று எழுதுகிறார்கள். பாங்கில் கூட்டல் பார்ப்பவனுக்கு இது இடிக்கிறது. வினாடிக்கு 16 பிரேம் என்று கொண்டால் ஒரு நிமிஷத்துக்கு 960 பிரேம். முப்பது நாளுக்குப் பிரித்தால் நாளொன்றுக்கு 32. தினம் ஒன்றுதான் என்றால் படம் இரண்டு வினாடியில் முடிந்திருக்கும். ஆக, அவர் திரும்பத் திரும்ப அந்தத் தொட்டிக்கு முன் வந்து நின்றிருக்க வேண்டும்.

கண்டிப்பாகப் பார்த்தால் இது ஸ்டாப் மோஷனுக்கு ஒன்றுவிட்ட உறவு. பொருளை நகர்த்தும் கை இங்கில்லை, காலம் நகர்த்துகிறது. பால்கே தீக்குச்சிகளை நகர்த்திப் படமெடுத்தது பின்னால், 1915இல்.

அதே 1912இல் ரஷ்யாவில் ஸ்டாரெவிச் செத்த வண்டுகளைப் பொம்மைகளாக்கி 'காமிராக்காரனின் வஞ்சம்' எடுத்தார். வண்டுத் தம்பதியின் கள்ளக்காதல் கதை. அசாத்தியமான சாமர்த்தியம். ஆனால் மனித வேஷம் கட்டிய பிறகே வண்டு நம் கவனத்துக்கு வருகிறது. பட்டாணிக்கு வேஷம் தேவைப்படவில்லை.

நம் அன்றாடக் கவிதைகளில் பெரும்பாலானவை வண்டுகள்தான். குடை தனிமைக்கு வேஷம் கட்டுகிறது, டம்ளர் வறுமைக்கு. ஸ்டாரெவிச்சுக்காவது பிரேமுக்குப் பிரேம் கை உழைத்தது. இங்கே அதுவும் இல்லை. பொருளின் முன் நின்ற நேரம் கவிதைக்குள் வரவில்லை.

சங்கரன்கோவிலில் எங்கள் தெருவுக்குள் தறிச் சத்தம் கேட்டுக்கொண்டேயிருக்கும். ஊடை இழை ஒவ்வொன்றாகத்தான் விழுகிறது. துணியைப் பார்ப்பவனுக்கு எந்த இழையும் தனியாகத் தெரியாது. விட்டுப்போன இழை மட்டும் தெரியும்.